பாலையாவும் நம் கல்லூரி நாடகமும்

சென்ற ஆண்டு நம் கல்லூரி நாள் விழாவில் நடைபெற்ற நாடகத்தை மாணவ நண்பர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மறந்திருந்தால் எனக்கு மகிழ்ச்சியே. அதில் அமைச்சராக வந்து நின்றவன் நான்.

மன்னர் வேடத்துக்குப் பதினோரு பேர் பெயர் கொடுத்தோம். அது என் வகுப்பு நண்பனுக்குப் போயிற்று. எனக்கு அமைச்சர். நீண்ட அரசவைக் காட்சியில் எனக்கு நான்கே வரி வசனம். மற்ற நேரமெல்லாம் மன்னர் பேசுவார், நான் நிற்க வேண்டும். நின்றேன். பின்வரிசையில் இருந்த நண்பர்கள் கையசைத்தார்கள். தலைப்பாகையைச் சரிசெய்வது போல நானும் ஒரு சிரிப்பை அந்தப் பக்கம் அனுப்பினேன். இளவரசன் போரில் மாண்ட செய்தியை மன்னர் என் வாயிலிருந்து கேட்க வேண்டிய நேரம் அதுதான். மன்னர் “சொல்லுங்கள் அமைச்சரே” என்றார். நான் சொல்லவில்லை. மறுபடியும் “சொல்லுங்கள் அமைச்சரே” என்றார். திடுக்கிட்டுத் திரும்பி, பேருந்து புறப்படும் நேரத்தை அறிவிப்பவனைப் போல அந்தச் செய்தியைக் கூறி முடித்தேன். மண்டபம் சிரித்தது. அதற்குப்பின் என் நண்பன் புரண்டு புரண்டு அழுத அழுகை எல்லாம் வீணாயிற்று. சிறந்த நடிகர் பரிசு வேறொரு நாடகத்துக்குப் போயிற்று. இரண்டு மாத காலம் அவன் என்னோடு பேசவில்லை.

அன்றிரவு ஆழ்வார்திருநகரிக்குத் திரும்பி, திண்ணையில் உட்கார்ந்திருந்தேன். தாத்தா வந்தார்.

“ஏலே, மொகத்தத் தூக்கி வச்சிக்கிட்டு இருக்கியே, என்னல நடந்துச்சு?”

“ராசா வேசம் குடுக்கல தாத்தா. மந்திரி வேசந்தான் குடுத்தாங்க. மொத்தமே நாலு வரிதான் வசனம். நாலு வரில என்னத்த நடிக்க?”

“நாலு வரியா! அவ்வளவு இருந்துச்சா? நாகேசு பேய்க்கத சொல்லுத எடத்துல பாலையாவுக்கு எத்தன வரின்னு எண்ணிப் பாத்திருக்கியால? அவரு நம்ம பக்கத்து ஆளு தெரியுமா?”

எனக்குத் தெரியாது. வரலாற்றுத் துறையில் மூன்றாமாண்டு படிக்கும் எனக்கு, பேருந்தில் சென்று வரும் தொலைவில் பிறந்த ஒரு மாபெரும் கலைஞனைப் பற்றி ஒன்றும் தெரிந்திருக்கவில்லை. இக்கட்டுரை அந்த வெட்கத்தில் பிறந்தது.

டி. எஸ். பாலையா 1914-ஆம் ஆண்டு ஆகஸ்டு 23-ஆம் நாள் சுண்டங்கோட்டையில் பிறந்தார். அன்று அது திருநெல்வேலி மாவட்டம். 1986-இல் மாவட்டம் பிரிந்தபின் தூத்துக்குடி மாவட்டம். எங்கள் ஊரும் அப்படியே பிரிந்து போனதுதான். ஆனால் நாங்கள் இன்னும் பேச்சில் திருநெல்வேலிக்காரர்களே. பாலையாவும் அப்படித்தான் என்று வைத்துக்கொள்வோம்.

அவர் நாடக மேடையிலிருந்து திரைக்கு வந்தவர். அந்தக் காலத்து நாடகக் கம்பெனி எத்தகையது என்பதைச் சற்றே நினைத்துப் பார்க்க வேண்டும். சிறுவர்களைச் சேர்த்து, உணவும் உறைவிடமும் கொடுத்து, விடியற்காலையில் எழுப்பிக் குரல் பழக்கி, பாடலும் வசனமும் நெட்டுருச் செய்வித்து, ஊர் ஊராய் அழைத்துச் சென்றார்கள். பாய்ஸ் கம்பெனி என்பது அதன் பெயர். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன் என்று வேடங்கள் வகுக்கப்பட்டிருந்தன. இன்று ஸ்திரீபார்ட்டில் கொடிகட்டிப் பறக்கும் சிறுவனுக்கு நாளை மகரக்கட்டு வந்து குரல் உடைந்தால் அவன் கதி வேறு. நேற்றைய அல்லி அருச்சுனா மறுவாரம் வேல்பிடித்து வாயிலில் நிற்பாள். வசனமே இல்லாமல் இரவெல்லாம் மேடையில் நிற்கவும் அங்கே ஒருவன் கற்றுக்கொண்டாக வேண்டும். தமிழ்த் திரையின் முதல் முப்பது நாற்பது ஆண்டுகளை நிரப்பிய நடிகர்களுள் பெரும்பாலோர் இந்தப் பள்ளிக்கூடத்தில் தேறியவர்களே.

இந்தப் பள்ளிக்கு ஆசான் யார் என்றால், அவரும் நம் பக்கத்தவரே. தமிழ் நாடகத் தலைமையாசிரியர் என்று போற்றப்படும் தூத்துக்குடி சங்கரதாஸ் சுவாமிகள், 1867-இல் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். நாடகங்களை எழுதிக் குவித்தார். 1918-இல் மதுரையில் சிறுவர்களுக்கென்றே ஒரு நாடக சபை தொடங்கினார். 1922-இல் புதுச்சேரியில் மறைந்தார். இதில் நான் வியந்த செய்தி ஒன்று உண்டு. நடிகராக இருந்த காலத்தில் சுவாமிகள் புகழ்பெற்றது இரணியன், இராவணன், எமதருமன், சனீஸ்வரன் போன்ற வேடங்களில்தான். தமிழ் நாடகத்தின் தந்தை மேடையில் நளனாக நின்று பெயர் வாங்கியவர் அல்லர். நளனைப் பிடித்த சனியாக நின்று பெயர் வாங்கியவர். அமைச்சர் வேடம் கிடைத்ததற்காகத் திண்ணையில் முகம் வாடி உட்கார்ந்திருந்தவன் இதைப் படித்தபோது எப்படி இருந்திருக்கும் என்று நண்பர்களே எண்ணிக்கொள்ளலாம்.

பாலையாவின் முதல் படம் ‘சதி லீலாவதி’, 1936. எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கியது. எம். ஜி. ஆருக்கும் அதுவே முதல் படம். எம். ஜி. ஆர். வந்தது சிறியதொரு போலீஸ் அதிகாரி வேடத்தில். கதாநாயகனைக் குடிப்பழக்கத்தில் தள்ளிக் கெடுக்கும் வில்லனாகப் பாலையா வந்தார். முதல் படத்தில் பெரிய வேடம் கிடைத்தவர் அவர்தான்! மறு ஆண்டே அதே டங்கனின் ‘அம்பிகாபதி’யில் தியாகராஜ பாகவதரோடு வாள் வீசும் தளபதியானார். அதற்குப்பின் ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள், 1972 ஜூலை 22-இல் மறையும் வரை, நடித்துக்கொண்டே இருந்தார். பாகவதர் போனார், சின்னப்பா போனார், எம். ஜி. ஆரும் சிவாஜியும் வந்தார்கள், அவர்களுக்குப்பின் ரவிச்சந்திரன் வந்தார். பாலையா மட்டும் எல்லோருக்கும் எதிரிலோ பக்கத்திலோ நின்றுகொண்டிருந்தார். பாகவதரோடு வாட்போர் புரிந்தவரே ரவிச்சந்திரனுக்கு மாமனாராகவும் வந்தார் என்றால், இடையில் எத்தனை முறை அவர் தம்மைத் தாமே மாற்றிக்கொண்டிருக்க வேண்டும்!

அந்த மாற்றத்தைத்தான் நாம் கவனிப்பதில்லை. முதலில் வில்லன். பின்பு 1949-இல், அண்ணாவின் ‘வேலைக்காரி’யில் கே. ஆர். ராமசாமியின் நண்பன் மணி. பழிவாங்கத் துடித்துக் கத்தியோடு புறப்படும் நண்பனை நிறுத்தி, அறிவைக் கொண்டு வெல்லும்படி சொல்லும் வேடம் அது. வில்லனாகவே பார்த்துப் பழகிய முகத்தை நல்லறிவு சொல்லும் முகமாக மக்கள் ஏற்றார்கள் என்பது சாதாரணச் செய்தி அன்று. 1954-இல் ‘தூக்குத் தூக்கி’யில் தமிழைக் கடித்துத் துப்பும் வடநாட்டுச் சேட்டு. 1956-இல் ‘மதுரை வீர’னில் மீண்டும் வில்லன். 1959-இல் ‘பாகப் பிரிவினை’யில் மனைவி சொல்லுக்கும் தம்பி பாசத்துக்கும் இடையே நசுங்கும் அண்ணன்.

இந்த ‘பாகப் பிரிவினை’யைப் பற்றி ஒரு வார்த்தை. படத்தின் நாயகர் சிவாஜி கணேசன் என்பதில் ஐயமில்லை. ஆயினும் வீடு இரண்டாகும்போது நம் நெஞ்சு அடைத்துக்கொள்வது அந்த இரு முதியவர்களால்தான். அண்ணன் பாலையா, தம்பி எஸ். வி. சுப்பையா. ஒருவர் சுண்டங்கோட்டை, மற்றவர் செங்கோட்டை. கடலோரத் தேரிக்காட்டுப் பக்கம் பிறந்தவரும் குற்றால மலையடிவாரத்தில் பிறந்தவரும் சேர்ந்து ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகளாய் நின்றார்கள். நம் பக்கத்துக்காரர்கள் சொத்துப் பிரிப்பதில் வல்லவர்கள் என்று எங்கள் தாத்தா சொல்வார். அதனால் அவர்களுக்கு நடிக்கச் சிரமம் இருந்திருக்காதாம்.

பேய்க்கதைக்கு வருகிறேன். ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ 1964-இல் வெளிவந்தது. தாத்தாவுக்கு அப்போது பதினேழு வயது. திருச்செந்தூர் ரயிலைப் பிடித்துத் திருநெல்வேலிக்குப் போய்ப் பார்த்தாராம். படம் எடுக்கப்போவதாகச் சொல்லித் திரியும் மகன் நாகேஷ், தந்தை பாலையாவுக்குக் கதை சொல்கிறார். இந்தக் காட்சியை நான் கைப்பேசியில் முன்பே பலமுறை பார்த்துச் சிரித்திருக்கிறேன். எப்போதும் நாகேஷைப் பார்த்துத்தான். தாத்தா சொன்னபின் நாகேஷை விட்டுவிட்டுப் பாலையாவை மட்டும் பார்த்தேன். அன்றுதான் அந்தக் காட்சியை முதன்முதலாகப் பார்த்தேன் என்று சொல்ல வேண்டும்.

தொடக்கத்தில் அவர் முகத்தில் இருப்பது சலிப்பு. இந்தப் பயலுக்கு வேறு வேலை இல்லை என்கிற பணக்காரத் தந்தையின் அலட்சியம். பின்பு சிறு ஆவல். நாகேஷ் குரலைத் தாழ்த்தியதும் அந்த ஆவல் காதுக்கு ஏறுகிறது. அதன்பின் அச்சம் வருகிறது. அதோடு, அச்சம் வந்ததை மகன் பார்த்துவிடக் கூடாதே என்ற கவலையும் வருகிறது. இவ்விரண்டையும் ஒரே முகத்தில் ஒரே நேரத்தில் வைத்திருக்கிறார் மனிதர். வசனம்? விரல்விட்டு எண்ணிவிடலாம். நாகேஷ் செய்வதெல்லாம் வாயால் எழுப்பும் ஓசை. அந்த ஓசையைப் பேயாக மாற்றுவது பாலையாவின் கண். நாற்காலியில் அவருக்குப் பதிலாக வேறொருவரை, என்னைப் போன்ற ஒரு அமைச்சரை, உட்கார வைத்துப் பாருங்கள். நாகேஷ் எவ்வளவு பெரிய மேதையாயினும் அந்தக் காட்சி எழாது. இது நாகேஷுக்கு இழுக்கன்று. அவர் மேதைமை தெரிந்ததே எதிரில் அமர்ந்தவர் கேட்கத் தெரிந்தவராக இருந்ததால்தான்.

அதே படத்தில், எதிரில் இருப்பவர் பெருஞ்செல்வர் என்று தெரிந்த நொடியில் பாலையாவின் முதுகு வளைவதையும், சொற்களிலெல்லாம் மரியாதை விகுதி முளைப்பதையும் கண்டிருப்பீர்கள். அந்தச் செல்வரின் மகனைக் கூட ‘ர்’ போட்டு அழைக்கத் தொடங்கிவிடுகிறார்! ஒரு எழுத்தை வைத்துக்கொண்டு ஒரு மனிதனின் பேராசை முழுவதையும் காட்டிவிட்டார். இலக்கணத்தில் உயர்வுப்பன்மை கற்பிக்கும் தமிழ்த் துறை ஆசிரியப் பெருமக்கள் இதை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம் என்பது என் பணிவான கருத்து.

அடுத்த ஆண்டு ‘திருவிளையாடல்’. ஹேமநாத பாகவதர். பாண்டிய நாட்டில் தம்மை வெல்ல ஆளில்லை என்னும் செருக்கோடு அவையில் பாடுகிறார். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது. ஆனால் அந்தக் குரலுக்குத் தொந்தியும் தோளும் மோதிர விரலும் கொடுத்தவர் பாலையா. பாடும்போது அவர் ஒவ்வொருவரையும் பார்க்கும் பார்வையைக் கவனியுங்கள். புகழைப் பிச்சை கேட்பதில்லை, வரி வசூலிக்கிறார். பிறகு இரவில் விறகுவெட்டி பாடுகிறான். ஹேமநாதர் கேட்கிறார். பாடுபவர் சிவபெருமானே என்றாலும், அந்தப் பாட்டின் பெருமை நமக்குத் தெரிவது தோற்றவன் முகத்தில். செருக்கு ஒரேயடியாக விழுவதில்லை. முதலில் ஐயம், பிறகு ரசிகனின் மகிழ்ச்சி, கடைசியில்தான் அச்சம். நடுவில் வரும் அந்த மகிழ்ச்சியை வைத்தாரே, அதற்காகவே அவரைக் கும்பிடலாம். தோற்கப்போகிறோம் என்று தெரிந்தும் நல்ல பாட்டு என்று ஒரு கணம் மயங்குகிறவன் உண்மையிலேயே வித்துவான்தானே! அந்த ஒரு கணத்தால் வில்லன் மனிதனாகிவிட்டான்.

1968-இல் ‘தில்லானா மோகனாம்பாள்’. நாதசுர வித்துவானுக்குப் பக்கத்தில் தவில் முத்துராக்கு. தவிலின் ஒலி வேறு வித்துவானுடையது. ஆனால் வாசிக்காத இடைவெளிகளில் தவில்காரர் எப்படி உட்கார்ந்திருப்பார், நாதசுரக்காரரின் மூச்சை எப்படிப் பின்தொடர்வார், அவருக்கு நேரும் அவமானத்தைத் தமக்கு நேர்ந்ததாக எப்படி எடுத்துக்கொள்வார் என்பதெல்லாம் பாலையா தந்தது. எங்கள் ஊரில் வைகாசித் திருவிழாவில் ஒன்பது கருட சேவை நடக்கும். நவதிருப்பதிப் பெருமாள்களும் கருட வாகனத்தில் வரும் அந்த இரவில் தவிற்காரர்களை அருகிருந்து பார்த்து வளர்ந்தவன் நான். வாசிக்கிறபோது எல்லோரும் தவில்காரர்தான்; வாசிக்காதபோதும் தவில்காரராக இருப்பதுதான் அரிது. முத்துராக்கு அப்படி இருந்தார்.

குறை சொல்லக் கூடாதா என்று கேட்பீர்கள். சொல்லலாம். வில்லனாக வந்த படங்கள் சிலவற்றில் மேடைப் பழக்கம் அவரை விடவில்லை. கொட்டகையின் கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும் என்று பழகிய குரல், ஒலிவாங்கி பக்கத்தில் இருப்பதை மறந்து முழங்கும். சில இயக்குநர்கள் அவரைப் பழக்கதோஷத்தில் ஒரே வார்ப்பில் ஊற்றினார்கள். முப்பதுகளின் படங்கள் பெரும்பாலும் இன்று பார்க்கக் கிடைப்பதில்லை என்பதால், அவருடைய இளமையை நாம் எடைபோடவும் வழியில்லை. ஆனால் ஐம்பது வயதை நெருங்கும்போது, வில்லனுக்கு வயதாகிவிட்டது என்று ஒதுங்காமல், அந்த முழங்கும் குரலையே நகைப்புக்குரியதாக மாற்றிக்கொண்டார். அதட்டலை அப்படியே வைத்துக்கொண்டு, அதன் அடியிலிருந்த அதிகாரத்தை மட்டும் உருவிவிட்டார். ‘பாமா விஜய’த்தில் மூன்று மகன்களின் தந்தையாகவும், ‘ஊட்டி வரை உறவி’ல் பழைய இரகசியம் ஒன்றை மறைக்கத் தவிக்கும் பெரிய மனிதராகவும் அவர் அதட்டுவதைப் பாருங்கள், இரண்டும் 1967-இல் வந்தவை. அதட்டலுக்கு யாரும் அஞ்சுவதில்லை. அவரும் அதை எதிர்பார்ப்பதில்லை.

எங்கள் ஊர்க் கோயிலில் நடக்கும் அரையர் சேவையை இங்கே நினைக்காமல் இருக்க முடியவில்லை. திருவரங்கம், ஸ்ரீவில்லிபுத்தூர், ஆழ்வார்திருநகரி போன்ற ஒருசில தலங்களில் மட்டுமே இன்றும் வாழும் கலை அது. முத்துக்குறி என்னும் பகுதியில் அரையர் ஒருவரே மகளாகிறார், தாயாகிறார், குறி சொல்லும் கட்டுவிச்சியும் ஆகிறார். உடை மாற்றுவதில்லை, அதே குல்லாய், கையில் அதே தாளம். மாறுவது குரலும் முகமும்தான். சேட்டும், ஹேமநாதரும், முத்துராக்கும், எஸ்டேட் முதலாளியும் ஒரே உடம்பிலிருந்து வந்ததை நினைக்கும்போது, இந்தக் கலை நம் மண்ணுக்குப் புதிதன்று என்று தோன்றுகிறது. பாலையா இதைப் பார்த்தாரா என்பதன்று என் பேச்சு. நாம் பார்த்துக்கொண்டே இருந்தும் நடிப்பென்றால் ராஜபார்ட் மட்டுமே என்று எண்ணுகிறோமே, அதுதான் என் பேச்சு.

இவரைப் போன்றவர்களுக்கு உலகம் பரிசளிக்கத் தெரிந்துகொண்டதும் தாமதமாகத்தான். அமெரிக்காவில் ஆஸ்கார் பரிசுகளில் துணை நடிகருக்கென ஒரு பரிசு 1936-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் முதலில் வழங்கப்பட்டது. அதுவும் முதல் சில ஆண்டுகள் நாயகர்களுக்குச் சிலையும் துணை நடிகர்களுக்குப் பட்டயமும்! நம் நாட்டின் தேசிய விருதுகளில் சிறந்த துணை நடிகர் என்ற பிரிவு 1984-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் வந்தது. சத்யஜித் ராயின் ‘கரே பைரே’ படத்துக்காக விக்டர் பானர்ஜி அதை முதலில் பெற்றார். அமெரிக்காவில் அந்தப் பரிசு தொடங்கிய ஆண்டின் படங்களில்தான் பாலையாவின் முதல் படமும் உண்டு. இந்தியாவில் அது தொடங்கியபோது அவர் மறைந்து பன்னிரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. முப்பத்தைந்து ஆண்டுகள் நடித்தவர் அந்தத் தேசிய விருதின் பட்டியலுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார். அவர் வழியில் வந்த மகன் ஜூனியர் பாலையாவும் பல நல்ல துணை வேடங்களில் நடித்து, 2023-இல் மறைந்தார்.

தேசிய விருதைப் பற்றி நாம் என்ன செய்ய முடியும் என்று கேட்கலாம். ஒன்றும் செய்ய முடியாது. ஆனால் நம் கல்லூரியிலும் நாடகப் போட்டிக்கு இருப்பது ஒரே பரிசு, ‘சிறந்த நடிகர்’. அது எப்போதும் மன்னருக்கோ, கைவிடப்பட்ட காதலனுக்கோ, சாகும் கவிஞனுக்கோதான் போகிறது. ஆகவே எல்லோரும் சாகவே விரும்புகிறோம். செய்தி சொல்பவனாக, கேட்டு அதிர்பவனாக, பக்கத்தில் நிற்பவனாக வர யாருக்கும் மனமில்லை. ஒத்திகைக்கு மன்னர் தவறாமல் வருகிறார். அமைச்சர் தேர்வு இருக்கிறதென்று போய்விடுகிறார். நான் போனேன். அதன் விளைவைத்தான் நீங்கள் மண்டபத்தில் கண்டு சிரித்தீர்கள்.

இதைப் படிக்கும் பேராசிரியர்களுக்கும் நுண்கலை மன்றத்தாருக்கும் என் வேண்டுகோள் இது: வரும் ஆண்டு முதல் துணை வேடத்துக்கென ஒரு பரிசு தனியே வையுங்கள். டி. எஸ். பாலையா நினைவுப் பரிசு என்றே அதற்குப் பெயரிடலாம். நடுவர்கள் வசனம் பேசுபவரை மட்டும் பார்க்காமல், பேச்சைக் கேட்டுக்கொண்டு நிற்பவரையும் பார்த்து மதிப்பெண் போட வேண்டும் என்று விதியிலேயே எழுதிவிடுங்கள். சுழற்கோப்பை வேண்டாம்; ஒரு நல்ல புத்தகம் போதும். முதலாண்டுப் பரிசுக்கான செலவை நானும் என் நண்பனும் ஏற்கிறோம். மன்னராக நடித்த அதே நண்பன்தான். ஹேமநாதர் தோற்கும் காட்சியை அவனுக்குக் கைப்பேசியில் போட்டுக் காட்டிய அன்று மறுபடியும் என்னோடு பேசத் தொடங்கினான். இந்த ஆண்டு நாடகத்தில் மன்னர் வேடம் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்திருக்கிறான். அமைச்சர் வேடத்துக்கு நாங்கள் இருவரும் போட்டியிடுகிறோம்.